ஜப்பான் எழுத்து வந்த இடம்

"ஒரு சொல்லும் விளங்காத படத்தைப் பாத்திட்டோ அண்ணை அழுதனீங்கள்?"

ஸ்டுட்கார்ட்டில் வேலை முடிந்து திரும்பும் ரயில். எதிர் இருக்கையில் இரண்டு யாழ்ப்பாணத்துக்காரர்கள். இளையவர் இப்படிக் கேட்டதும் நான் கையிலிருந்த பத்திரிகையை மடித்துவிட்டேன்.

"மகளின்ர பள்ளிக்கூடத்தில போட்டவை. பழைய ஜப்பான் ஊமைப்படம், பேசிறதெல்லாம் இடைக்கிடை திரையில ஜப்பான் எழுத்திலதான் வரும். பக்கத்தில இருந்த ஜெர்மன்காரருக்கும் என்னளவுதான் விளங்கியிருக்கும். ஒருத்தன் கோவத்தில தம்பியை அடிச்சு வீட்டை விட்டுக் கலைக்கிறான். பிறகு மனம் கேக்காமல் பனிக்குள்ள நடந்து தேடிப் போறான்."

"உங்கட கதைதான்."

"ஓம். கலியாண வீட்டில சனத்துக்கு முன்னால தம்பிக்குக் கை நீட்டினனான். ஆறு வருசம் கதை பேச்சில்லை. படம் முடிஞ்ச கையோட போய் அவன்ர வீட்டு மணியை அடிச்சன்."

"போய் என்ன சொன்னனீங்கள்?"

"படத்தில தம்பி கதவு திறந்த உடன அந்தத் தமையன் சொன்னது ஜப்பான் எழுத்திலயெல்லோ வந்தது. எனக்கென்ன தெரியும்? பேசாமல் நிண்டன்."

"தம்பி?"

மூத்தவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்.

"'வீட்டுக்குள்ள குளிர் வருது, சப்பாத்தைக் கழட்டிப்போட்டு வாங்கோ அண்ணை' எண்டான்."