நிக்க முடியாதவ நிக்கறா

– இன்னா சிட்டம்மா, ஓட்டு கேக்க வந்தவ எங்க வூட்டு எதிர்ல மதகு மேல இப்பிடிக் குனிஞ்சி குந்திக்கினு கீற? மயக்கமா?

– மயக்கம்லாம் இல்லீங்க, சுகுமாரம்மா. காலு. கொஞ்ச தூரம் நடந்தா ரெண்டு தொடையும் எரியுது, அப்பறம் மரத்துப் போவுது. குந்தி முன்னாடி சாஞ்சா வுட்டுடுது.

– முட்டிவலியா இருக்கும். எண்ண தேச்சியா?

– முட்டில ஒண்ணுமில்லியாம். முதுகெலும்புல, கீள, நரம்பு போற வழி சுருங்கிக்கீதாம். செங்கல்பட்டுல ஸ்கேன் எடுத்துக் காட்னாங்க. நிமிந்தா நெருக்குதாம், குனிஞ்சா எடம் வுடுதாம்.

– அதான் ஊரே சொல்லுதா, 'நாளெல்லாம் குனிஞ்சி நாத்து நடறா, நடக்கச் சொன்னா நடிக்கிறா'ன்னு!

– ஊரு சொல்லலீங்க, உங்க மவன் சொல்றாரு. ஆட்டோல மைக்கு கட்டிக்கினு, 'நிக்க முடியாதவ பஞ்சாயத்துத் தலைவருக்கு நிக்கறா, எங்கம்மா சொக்கம்மாளுக்கே ஓட்டு'ன்னு.

– அவன் வாய் அப்பிடி. நீ எனக்கு எதிர்ல நிக்கறவளேன்னு சொல்லல, பேசாம வூட்ல படு. ஒடம்பப் பாத்துக்க.

– பயிற்சி சொல்லிக் குட்த்துகிறாங்க, செய்றேன். கேக்கலன்னா ஆபரேசனும் பண்ணிக்குவேன். தேர்தல் முடியட்டும். நிக்கத்தாங்க முடியல, குந்துனா ஒரு வலியும் இல்ல. தலைவர் நாற்காலி குந்தறதுக்குத்தானே?

– நரம்புதான் சுருங்கிச்சி, வாய் சுருங்கலியே ஒனக்கு!

– சிரிக்காதீங்க. போன ஐப்பசி மழைல எம் மாமியாரப் பொதைக்க வரப்பு மேல தூக்கிக்கினு போனோம். கல்லறைக்கு வேற வழி ஏது? எங்கூட்டுக்காரரு ஞானதாசு வழுக்கி, பெட்டியே சேத்துல சாஞ்சிச்சி. அன்னிக்கி முடிவு பண்ணதுதான். அங்க ரோடு வரணும். நீங்க ஜெயிச்சா போடுவீங்களா?

– அது... சுகுமாரு கிட்டத்தான் கேக்கணும்.

– அப்ப நான் கெளம்பறேன். காலனில பாதி, உங்க தெரு முளுக்க பாக்கி கீது.

– எங்க தெருவுக்குமா? எப்பிடி நடப்ப?

– தோ, அந்தச் சைக்கிளு. ஓட்டத் தெரியாது. ஹேண்டில்பாரு மேல குனிஞ்சி தள்ளிக்கினே போவேன். வலிச்சா குந்துவேன். வுட்டதும் எளுந்துப்பேன்.

– இரு. நோட்டீசு ஒண்ணு குட்த்துட்டுப் போ.

– உங்களுக்கா? எதுக்குங்க?

– ஒஞ் சின்னம் இன்னான்னு சரியாப் பாத்துக்கணும். தப்பித்தவறி எம் பேருலயே குத்திடப் போறேன்.