கார்டு மாட்டாத பிரஸ்

காலையில் ஒரு டீ உள்ளே போனால்தான் எனக்கு வேலை ஓடும், சார். அன்றைக்கும் கும்மிடிப்பூண்டி சிப்காட் வாசலில் ஸ்டீவன்தான் வாங்கிக் கொடுத்தான். பிரஸ் மெஷினில் தகடு வெட்டுகிறவன், தங்கமான மனுஷன்.

அதற்கு முன் சொந்த முயற்சியில் இரண்டு கதைப்படம் எடுத்திருந்தேன். பார்த்தவர்கள் எல்லாரையும் ஒரு ஷேர் ஆட்டோவில் ஏற்றிவிடலாம். அவர்களும் கிளைமாக்ஸ் நம்புகிற மாதிரி இல்லை என்றார்கள். வயிறு எரிந்தது. நிஜத்தையே எடுத்துக் காட்டுகிறேன் என்று ஆவணப்படத்துக்கு வந்தேன்.

ஸ்டீவனின் மெஷினில் கை உள்ளே போகாமல் தடுக்கிற இரும்புக் கார்டு உடைந்து மூன்று மாதமாகியிருந்தது. "நீ படம் புட்ச்சி காட்டுண்ணா, அப்பனாச்சும் இவனுங்களுக்கு ஒறைக்குதா பார்ப்போம்" என்றான். காட்டினேன். முதலாளி அரண்டுபோய் இரண்டே நாளில் புதுக் கார்டு வரவழைத்துவிட்டார். எல்லாருக்கும் சந்தோஷம். என் படத்துக்குத்தான் முடிவு இல்லாமல் போயிற்று.

ஃபிட்டர் லோகு ஸ்பேனரோடு வந்தான். "தள்ளிக்கோண்ணா, அரை அவர்ல மாட்டிட்றேன்."

கதைப்படத்தில் பழகிய வார்த்தை வாயில் வந்தது. கன்டினியூட்டி. நேற்று எடுத்ததில் கார்டு இல்லை, இன்றைக்கு இருந்தால் காட்சி ஒட்டாது, நாளைக்கு மாட்டு என்றேன்.

"இன்னாடா இப்போ, அண்ணனுக்கோசரம் ஒரு நாளு" என்று ஸ்டீவனே சிரித்தான்.

லோகுவை அப்படி மூன்று நாள் திருப்பி அனுப்பினேன். எடுக்க வேண்டியது முதல் நாளே முடிந்துவிட்டது, சார். மற்ற இரண்டு நாளும் கேமராவை ஸ்டீவனின் கைக்கு நேராக வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தேன். ஷிஃப்ட் முடிகிற நேரத்தில்தான் கை தடுமாறும் என்று அவன் சொல்லியிருந்தான். அதனால் நாலு மணிக்குப் பேட்டரி மாற்றிவிடுவேன். மூன்றாம் நாள் நாலே முக்காலுக்கு, வலது கையில் நான்கு விரல் போயிற்று. நான் கத்தவில்லை. கத்தினால் ஒலிப்பதிவு கெட்டுவிடும்.

பொன்னேரியில் ஆஸ்பத்திரி வராந்தாவுக்கு அவன் மனைவி ஏஞ்சலின் ஓடிவந்தாள். "அதான் கார்டு வந்துட்ச்சே, ஏண்ணா மாட்டல? நீ அங்கதானே இருந்த?"

எனக்கும் அழுகை வந்தது, பொய் சொல்லவில்லை.

"கொஞ்சம் வெளிச்சத்துக்கு வந்து, அதையே இன்னொரு தடவை கேளும்மா" என்றேன்.