முக்கால் திருகு

தண்ணீர் வீணாவது எனக்குப் பிடிக்காது சார். உங்கள் ஸ்டேஷன் பின்பக்கக் குழாய்கூடச் சொட்டிக்கொண்டிருக்கிறது, வாஷர் தேய்ந்திருக்கும். ஆம்பூர் பைபாஸ் ஓரத்து ஷூ கம்பெனியில் பதினாறு வருஷமாக நான்தான் பிளம்பர். பெயர் ஆரோக்கியசாமி. தையல் செக்‌ஷனில் இருநூறு பெண்கள், அவர்களுக்குப் பன்னிரண்டு கக்கூஸ். ஒவ்வொரு ஃப்ளஷ் வால்விலும் பக்கவாட்டில் ஒரு மூடி இருக்கும். அதைக் கழற்றினால் உள்ளே ஒரு ஸ்க்ரூ. வலப்பக்கம் திருகினால் தண்ணீர் கம்மி, இடப்பக்கம் திருகினால் ஜாஸ்தி. விஷயம் அவ்வளவுதான்.

செல்வகுமார் என் தோஸ்த். ஹவுஸ்கீப்பிங்கில் இருந்தான். எட்டு வருஷத்துக்கு முன்னால் என் அண்ணன் ஆல்வின் ஒரு தோல் ஷெட்டின் கழிவுத் தொட்டியில் இறங்கி விஷவாயு தாக்கிச் செத்தபோது, உடம்பை வெளியே தூக்கியவன் இவன்தான். கல்லறையில் மண் போட்ட கையோடு என் கையைப் பிடித்துக்கொண்டு, "இனிமே நாமளும் எறங்கக் கூடாது, எவனையும் எறங்க வுடவும் கூடாது" என்றான். நான் அழுதேன். அவனும் அழுதான். அதை நான் நம்பினேன்.

போன வருஷம் மேனேஜர் எங்களைக் கூப்பிட்டு, கக்கூஸ் தொட்டி அடைத்தால் கழிவு உறிஞ்சும் லாரிக்காகக் காத்திருக்க முடியாது, யார் பொறுப்பு எடுக்கிறீர்கள் என்று கேட்டார். யாரும் இறங்கக் கூடாது, சட்டம் இருக்கிறது என்றேன். செல்வகுமார் என் பக்கம் பேசுவான் என்று அவன் முகத்தைப் பார்த்தேன். அவன் மேனேஜரைப் பார்த்தான்.

"ஆரோக்கியம் பயந்தவன் சார். அண்ணன் கதையவே சொல்லிக்கினு இருப்பான். ஆள் வர்லன்னா நானே எறங்கறேன்."

அடுத்த வாரம் சூப்பர்வைசர் ஆனான். அண்ணன் கதை என்றான் சார். அன்றைக்குப் பற்றிய வயிற்றெரிச்சல் இன்னும் ஆறவில்லை.

நான் சண்டை போடவில்லை. தினமும் சேர்ந்துதான் டீ குடித்தோம். மேனேஜரிடம் அவன் கொடுத்த வார்த்தையை அவனே காப்பாற்றட்டும் என்று மட்டும் நினைத்தேன்.

ஷூ வாங்கும் வெளிநாட்டுக்காரர்கள் ஆடிட்டுக்கு வரப் பத்து நாள் இருக்கையில், பன்னிரண்டு வால்வையும் முக்கால் திருகு வலப்பக்கம் திருப்பினேன். தண்ணீர் வருவது போலத்தான் இருக்கும். ஆனால் கழிவைத் தள்ளிக்கொண்டு போகாது. தொட்டி வாய்க்குப் பக்கத்தில் தேங்கிவிடும். நந்தினி என்ற தையல்காரப் பெண் வந்து, "அண்ணா, ரெண்டு வாட்டி அமுக்கினாலும் போவ மாட்டேங்குது, இன்னா பண்றது?" என்று கேட்டாள். மோட்டார் கோளாறு என்றேன். பெண்கள் தண்ணீர் குடிப்பதைக் குறைத்துக்கொண்டார்கள். இரண்டு பேர் மயங்கி விழுந்தார்கள். அதில் எனக்கு வருத்தம்தான்.

ஹவுஸ்கீப்பிங் ஆட்கள் நாலு பேரிடமும் தனித்தனியாகப் பேசினேன். யார் சொன்னாலும் தொட்டியில் இறங்காதீர்கள் என்றேன். நல்லதைத்தான் சொன்னேன்.

ஆடிட்டுக்கு முந்தின நாள், ஞாயிறு காலை, லைன் முழுக்க அடைத்துக்கொண்டது. லாரி வரச் சாயங்காலம் ஆகும் என்றார்கள். நாலு பேரும் முடியாது என்றுவிட்டார்கள். வெளியில் நின்றே மூங்கில் பிளாச்சால் குத்தியிருக்கலாம். அதை யாரும் என்னிடம் கேட்கவில்லை.

செல்வகுமார் சட்டையைக் கழற்றினான். இடுப்பில் கயிற்றைக் கட்டி, மறுமுனையை என்னிடம் நீட்டினான்.

"நீ புடி ஆரோக்கியம். வேற எவனையும் நம்ப மாட்டேன். ரெண்டு வாட்டி இஸ்தா தூக்கிடு."

என் அண்ணனுக்குக் கயிறே இல்லை சார்.

கயிறு இரண்டு முறை இழுபட்டது. கொஞ்சம் பொறுத்து மறுபடி இரண்டு முறை. பிறகு ஒரே ஒரு முறை. அப்போது பக்கத்தில் யாரும் இல்லை. நாலு பேரையும் டீ வாங்க அனுப்பியிருந்தேன்.

சாயங்காலம் லாரி வந்து அடைப்பை எடுத்ததும், எல்லா வால்வையும் பழையபடி திறந்து வைத்தேன். பெண்கள் பாவம். மோட்டாரை யாருமே தொடவில்லையே, தண்ணீர் மட்டும் எப்படி வேகமாக வருகிறது என்று நந்தினிதான் உங்களிடம் கேட்டாளாம். கெட்டிக்காரப் பெண்.

திருகியது நான்தான், எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் துரோகம் என்று மட்டும் எழுதாதீர்கள். அது அவன் செய்தது. அவன் நம்பிக் கொடுத்த கயிற்றை நான் கடைசிவரை விடவே இல்லை.