அவர் வந்தா குடுக்காதீங்க

இல்லக்கா, சண்டையெல்லாம் ஒண்ணும் இல்ல. அடிக்கிற ஆளும் இல்ல, குடிக்கிற ஆளும் இல்ல. இந்தக் காப்பகத்துக்கு வர்ற அப்பாக்கள்லயே குனிஞ்சு உக்காந்து புள்ளகிட்ட பேசறவர் அவர் ஒருத்தர்தான்னு நீங்களே சொல்லியிருக்கீங்க. அதனால நான் வந்து இப்படி நிக்கறது உங்களுக்கு விசித்திரமாத்தான் இருக்கும். இனிமே நான் மட்டும்தான் வருவேன். அவர் வந்து கேட்டா பாப்பாவக் குடுக்காதீங்க. அவ்வளவுதான்.

காரணமா? நீங்க பாட்டுக்கு நாற்காலிய அடுக்குங்க, நானும் ரெண்டு அடுக்கறேன். பாப்பா தூங்கட்டும்.

நான் மெடிக்கல் கோடிங்க்கா. ஐயோ, கம்ப்யூட்டர் ரிப்பேர் இல்ல. எங்க மாமியாரும் அப்படி நெனச்சுத்தான் போன் கெட்டா எங்கிட்ட குடுப்பாங்க. டாக்டர் எழுதினத ஒரு வரி விடாமப் படிச்சு, ஒவ்வொரு நோய்க்கும் அதுக்குன்னு இருக்கற எண்ணப் போடணும். அத வெச்சுத்தான் இன்சூரன்ஸ்காரன் அசைவான்.

அதுல ஒரு வகை இருக்கு. என்னைக்கோ உடம்புக்குள்ள போன விஷம். அது எப்பவோ போயாச்சு, ஆனா பண்ணிட்டுப் போனது மட்டும் அப்படியே நிக்கும். அதுக்கு மொதல்ல இப்ப இருக்கற கஷ்டத்தப் போடணும், கை நடுக்கம், மறதி, இப்படி. அப்புறம்தான் எதனாலங்கற எண், அது முடியற இடத்துல எஸ்னு ஒரு எழுத்து, பழசு விட்டுட்டுப் போனதுன்னு அர்த்தம். அந்த எஸ்ஸுக்குக் கெடு கிடையாது. எத்தன வருஷம் கழிச்சும் போடலாம்.

ஆமா, அவரத்தான் சொல்றேன். புடிச்சுட்டீங்க.

பாப்பா பொறக்கறதுக்கு முன்னாடி ஒரு பட்டறைல இருந்தார். மெஷின் பாகத்துல ஒட்டின கிரீஸக் கரைக்கற வேல. ஒரு பெரிய தொட்டி நெறைய மருந்து, பெட்ரோல் மாதிரி, ஆனா கொஞ்சம் இனிச்ச வாடை. ஜன்னல் இல்லாத ரூம். முகமூடி ஒண்ணு ஆணில தொங்குமாம், ஆய்வுக்கு ஆள் வர்ற அன்னிக்கு மட்டும் மூஞ்சிக்கு வருமாம். சாயங்காலம் தல சுத்தி, சிரிச்சுக்கிட்டே வருவார். ஓசியில ஏத்திக்கிட்டு வந்துட்டீங்களான்னு கிண்டல் பண்ணுவேன். புதுசா கல்யாணம் ஆன நேரம், அதுவும் ஒரு அழகாத்தான் இருந்துச்சு.

இப்ப மூக்குக்கு வாசன தெரியல. அடுப்புல பால் கருகினாலும் பக்கத்துலயே நிப்பார். சொல்ல வந்த வார்த்த பாதில நின்னுடும். டாக்டர் தூக்கம் போதல, மனக்கவலன்னு எழுதினார். என்ன வேல பாத்தீங்கன்னு ஒரு வார்த்த கேக்கல.

நான் சொல்லலையான்னா? சொல்லியிருக்கலாம்கா. எங்க வேலைல டாக்டர் எழுதாதத நாங்களா ஊகிச்சுப் போடக் கூடாது. சந்தேகம்னா அந்த டாக்டருக்கே கேள்வி அனுப்பலாம், ஆனா பதில கேள்விக்குள்ள ஒளிச்சு வெச்சுக் கேக்கக் கூடாது. இது அந்தத் தொட்டியாலதானேன்னு கேட்டா தப்பு. என்ன நடந்ததுன்னு விவரமா எழுதுங்க, அவ்வளவுதான் கேக்கலாம். கேட்டுக் கேட்டு நாக்கு அப்படியே மடங்கிப் போச்சு. அதுக்கு முன்னாடி கான்வென்ட்ல சிஸ்டருங்க வேற, பெரியவங்க எதிர்ல வாயத் தொறக்காதேன்னு வளத்து விட்டாங்க. டாக்டர் ரூம்ல ஹேண்ட்பேகக் கட்டிப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன், பொம்ம மாதிரி. நாளைக்கு வேற டாக்டர். இந்தத் தடவ உடைச்சுச் சொல்லிடப் போறேன்.

வேற யார்கிட்டயும் சொல்லலக்கா. அம்மா வீட்டுல சொன்னா பைத்தியம்னு ஒரே வார்த்தைல முடிச்சுடுவாங்க. ஆபீஸ்ல என்னச் சுத்தி அத்தன பேருக்கும் இந்த நோயத் தெரியும், எண்ணோட தெரியும். ஒருத்தரும் தல நிமிர மாட்டாங்க. எது ஒண்ணுன்னாலும் அவர்கிட்டதான் சொல்லிப் பழக்கம். இத எப்படி அவர்கிட்ட சொல்றது?

அவர் வந்தா மூஞ்சில காட்டிக்காதீங்க, என்ன? உள்ள கூப்புட்டு உக்கார வைங்க. பாப்பாவோட வெளயாடட்டும். எனக்கு ஒரு போன் போட்டா ஓடி வந்துடறேன்.

நேத்தா? நேத்து நீங்க சரியாத்தான் குடுத்தீங்க, உங்க மேல தப்பே இல்ல. தோள்ல பாப்பாவோட பைய மாட்டிக்கிட்டு வந்தார். நேரா சமையலறைக்குப் போய் அவ டப்பாவக் கழுவினார். பாப்பா எங்கன்னுதான கேக்கணும்? வாய்ல வரலக்கா. சாயங்காலம் என்ன நடந்துச்சு, சொல்லுங்கன்னேன். வரிசையாச் சொன்னார். காப்பகத்துக்குப் போனேன், பாப்பா ஓடி வந்தா, தூக்கிக்கிட்டேன். பஸ்ல ஜன்னலோரம் எடம் கெடச்சுது, நம்ம ஸ்டாப்புல எறங்கினேன், வந்துட்டேன். அவர் சொன்னதுல பஸ்ல ஏறின வரைக்கும்தான் அவ இருந்தா. எறங்கினதுல இல்ல.

ஐயோ, உக்காருங்கக்கா. அதான் கெடச்சுட்டாளே, இங்கதான தூங்கறா. கடைசி ஸ்டாப்புல டிரைவர் பாத்துத் தூக்கி வெச்சிருந்தார். அழக்கூட இல்ல.

அவரா? அத்தனையும் சொல்லி முடிச்ச கையோட டப்பாவக் கவுத்து வெச்சுட்டு, கையத் தொடச்சுக்கிட்டே, மணியாச்சே, காப்பகத்துலேருந்து பாப்பாவ நீ போய்க் கூட்டிட்டு வரியா, நான் போகட்டுமான்னார்.

நானே போறேன்னேன்.