மூணாவது வரியில

...எழுந்து நின்னு கை தட்டுறாங்க தம்பி, அதான் என் வயித்தெரிச்சல்! தப்பாப் பாடுறவளுக்குக் கை தட்டுனா எப்படி? உக்காருங்க, உக்காருங்க. துண்டக் கட்டிக்கிட்டு எங்க போகப் போறீங்க, பேன்ட்டு எங்கிட்டல்ல இருக்கு. கால மடிச்சுத் தைக்கணும், அவ்வளவுதான்.

என்ன சொன்னேன்... ஆங், அண்ணன் மக. பாட்டன் காலத்துலருந்து மேளம் அடிச்சுப் பாடுற குடும்பங்க நாங்க. அப்பா மேளத்த அண்ணனுக்குக் குடுத்துட்டாரு. எனக்குத் தாளம் நிக்காதாம்! நாலு பேரு முன்னாடி சொன்னாரு! சரி, மேளம் போச்சு. பாட்டு? பதினேழு பாட்டும் எங்கிட்டதான் இருக்கு. அன்னையிலருந்து அண்ணன் வாசல மிதிக்கல. அவன் செத்துப் போனப்பக்கூட தெருமுன வரைக்கும் போயிட்டு... திரும்பிட்டேன்.

அப்புறம் இவ வர்றா. 'சித்தப்பா, பாட்டு சொல்லிக் குடுங்க.' உங்கப்பன் மேளத்தையே கேளு, அது பாடும்னேன். நகர மாட்டேங்கிறா! அப்படியே அவங்கப்பன். சரி, போன்ல பதிஞ்சுக்கோ, உனக்காக நான் வேலைய நிறுத்த மாட்டேன்னுட்டு, தைச்சுக்கிட்டே பாடுனேன். வீம்புதான், வேறென்ன.

இப்ப மேடையில கேளுங்க... பின்னாடி ஒளிஞ்சு நின்னுதான் கேட்டேன். மூணாவது வரியில 'கரை தாண்டி'ங்கிறா, டக்குனு நிறுத்துறா. அவகிட்டப் பாட்டு படிக்கிற இருபது பிள்ளைங்க ஒண்ணா 'ச்சே!'ங்குது. அப்புறம் 'வா வெள்ளமே'. ஜனம் உருகுது! ஒருத்தர் கண்ணத் தொடைச்சுக்கிட்டு, 'அந்த ச்சேல எத்தன தலைமுறை வலி'ங்கிறாரு. எந்தத் தலைமுறை? என்ன வலி?

நூல் அறுந்துச்சுங்க! மெஷின்ல நூல் அறுந்துச்சு, நான் ச்சேன்னேன்!

சிரிக்காதீங்க தம்பி.

சொல்லிடலாம்தான். மூணு வருஷமா சொல்லிடலாம், சொல்லிடலாம்னுதான்... போன வாரம் வந்தா. ஞாயித்துக்கிழம மேடையில நானும் கூட நின்னு பாடணுமாம். மாட்டேன்னுட்டேன். அப்புறம்... என்ன கலர் சட்டன்னு கேட்டேன்.

பிள்ளைங்க முன்னாடி அசிங்கப்படக் கூடாதில்ல? பாடிப் பாத்தேன். பாட்டு தண்ணி மாதிரி வருது. அந்த ச்சே மட்டும் வர மாட்டேங்குது! வெக்கத்த விட்டுக் காலையில அவளுக்கே போன் போட்டேன். எனக்கு, என் ச்சேவ, அவ சொல்லிக் குடுக்குறா!

'இவ்வளவு கோவம் வேணாம் சித்தப்பா... கொஞ்சம் மெதுவா.'