மூன்று ஏ மாடி

ஜெலுத்தோங் அடுக்குமாடி லிஃப்டில் என்னோடு ஓர் அக்காவும் தம்பியும் ஏறினார்கள். தம்பி ‘3A’ பொத்தானை அழுத்தினார். சீனர்களுக்கு நான்கு, சாவு என்ற சொல்லைப்போல ஒலிக்கும் ஆகாத எண் என்பதால், நான்காம் மாடிக்கு இங்கே அதுதான் பெயர்.

“அக்கா, கணக்குதான் உலகத்தையே உண்டாக்குதாம். எண் இல்லன்னா பொருளும் இல்லையாம்.”

“யாரு சொன்னா?”

“போன்ல பார்த்தேன், ஒரு தியரி லா. அப்படிப் பார்த்தா இந்த பில்டிங்ல நாலே இல்ல. உன் வீடும் இல்ல.”

“அப்ப நான் எங்க சமைக்கிறேன்?”

“அதான் எனக்கும் புரியல.”

“போன மாசம் உங்க அத்தான் எந்த வீட்டுல செத்தாரு?”

தம்பி பொத்தானையே பார்த்துக்கொண்டிருந்தார். கதவு திறந்தது. அக்கா முதலில் ஒரு காலை மட்டும் வெளியே வைத்துப் பார்த்தார்.