மூன்றாம் மிதவையில் எடுத்த நீர்

மார்ச் 11, திங்கட்கிழமை காலை ஏழு மணிக்கு, நகர நீர்த்தேக்கத்தின் மூன்றாம் மிதவை அருகே மேல்மட்ட நீரின் வெப்பநிலை இருபத்தொன்பது டிகிரி. காற்று இல்லை.

வேலை நாட்களில் நான் தேநீர் குடிப்பதில்லை. விரல் லேசாக நடுங்கினாலும் நுண்ணோக்கியின் குமிழ் காட்டிக் கொடுத்துவிடும். நீங்கள் கொண்டுவரச் சொன்ன தேநீரைத் தொடாமல் வைத்திருப்பதற்கு அதுதான் காரணம். மரியாதைக் குறைவு அல்ல.

குடிநீர்ப் பிரிவின் ஆய்வுக்கூடத்தில் எனக்குப் பத்தொன்பது ஆண்டு வேலை. கட்டடத்தின் பின்பக்கம், பம்புகளின் அதிர்வு தரை வழியாகக் காலுக்கு ஏறும் அறை. ஒரு நுண்ணோக்கி, ஒரு குளிர்பெட்டி, எப்போதும் அயோடின் வாடை. திங்கள்தோறும் படகில் போய் ஐந்து மிதவைகளிலும் நீர் எடுப்பேன். அயோடின் விட்டு ஓர் இரவு அடங்க வைத்து, மறுநாள் எண்ணுவேன். எண்ணுவது பிளாங்க்டனை. நீந்திப் போக வலுவில்லாமல், நீர் இழுத்த பக்கம் போகும் சின்ன உயிர்கள். வெயிலைக் கொண்டு வளரும் பாசிகள், பாசியைத் தின்னும் நீர்த்தெள்ளுகள், தெள்ளைத் தின்னும் மீன்குஞ்சுகள். உங்கள் வீட்டுக் குழாயில் வரும் நீர் தெளிவாக இருக்கிறது என்றால் அதில் பாதி வேலை தெள்ளுகளுடையது. அவற்றுக்கு யாரும் நன்றி சொன்னதில்லை.

நீலப்பச்சைப் பாசி மட்டும் இந்த ஒழுங்குக்குள் அடங்காது. நூற்றுக்கணக்கான செல்கள் ஒரு வழவழப்பான உறைக்குள் சேர்ந்து கட்டியாக இருக்கும். தெள்ளின் வாய்க்கு அது பெரிது. செல்லுக்குள் காற்றை அடைத்துக்கொண்டு மேலே மிதந்து, மற்ற பாசிகளுக்கு வெயில் விடாது. அதில் சில வகைகள் கல்லீரலைத் தாக்கும் நஞ்சை உண்டாக்கும். செல் உயிரோடு இருக்கும்வரை நஞ்சு பெரும்பாலும் உள்ளேயே இருக்கும். செத்து உடைந்தால் நீரில் கலக்கும். மணல் வடிகட்டி அப்போது உதவாது.

விதி எளிது. ஒரு மில்லிலிட்டரில் இருபதாயிரம் செல்லைத் தாண்டினால் பொறியாளருக்குச் சொல்ல வேண்டும். அவர் மேல்மதகை மூடி அடிமதகைத் திறப்பார். மருத்துவமனைக்கும் டயாலிசிஸ் மையத்துக்கும் எச்சரிக்கை போகும். எங்கள் பொறியாளர் அதோடு நிற்கிறவர் இல்லை. பதினோரு ஆண்டுக்கு முன் நான் இருபத்து நான்காயிரம் என்று எழுதிக் கொடுத்தேன். அன்று மாலைக்குள் பாசியைக் கொல்லும் மயில்துத்தம் நான்கு படகு நீரில் இறங்கியது. மூன்றே நாளில் நீர் கண்ணாடி மாதிரி ஆனது. பத்திரிகையில் அவர் படம் வந்தது. நான் நுண்ணோக்கியில் பார்த்தேன். அசைகிற எதுவும் இல்லை. தெள்ளுகள் திரும்பி வர இரண்டு ஆண்டு பிடித்தது.

அந்த ஆண்டே ஒரு கட்டுரை எழுதினேன். நீலப்பச்சைப் பாசி பெருகினாலும் கைவைக்காமல் விட்டால், நைட்ரஜன் தீர்ந்து கட்டிகள் தானாகத் தளரும், தளர்ந்ததைத் தெள்ளுகள் தின்று தீர்க்கும், இந்த நீர்த்தேக்கத்தில் அதற்கு ஏறக்குறைய இருபத்தைந்து நாள் ஆகும் என்பது என் கணிப்பு. திருப்பி அனுப்பிவிட்டார்கள். நேரில் பார்த்த தரவு இல்லையாம். நியாயமான மறுப்பு. பதினோரு ஆண்டு காத்திருந்தேன்.

மார்ச் 12 அன்று எண்ணியதில் மில்லிலிட்டருக்குக் கட்டிகள் முந்நூற்றுப் பத்து. ஒரு கட்டியில் சராசரி இருநூறு செல். அதாவது அறுபத்திரண்டாயிரம். எங்கள் படிவத்தில் ‘எண்ணிக்கை’ என்று ஒரு கட்டம்தான் உண்டு. செல்லா கட்டியா என்று அது கேட்பதில்லை. ஒவ்வொரு வாரமும் கட்டியை எண்ணி, செல்லாகப் பெருக்கி எழுதுவது நானாக வைத்துக்கொண்ட வழக்கம். அன்று பெருக்கவில்லை. முந்நூற்றுப் பத்து என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அந்த எண் பொய் இல்லை என்பதை நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டும். கண்ணாடித் தட்டு இன்னும் என் மேசையில் இருக்கிறது. யார் வேண்டுமானாலும் எண்ணலாம்.

பொறியாளர் படிவத்தை வாங்கிக்கொண்டு ஜன்னல் வழியாக நீரைப் பார்த்தார்.

“யோவ் பூதக்கண்ணாடி, தண்ணி இவ்வளவு பச்சையா இருக்கே, நெசமா ஒண்ணும் இல்லையா?”

“பச்சையெல்லாம் கெடுதல் இல்ல சார். உங்க சட்டைகூடப் பச்சைதான்.”

சிரித்தார். “உன் வாய்க்கு ஒரு மூடி போடணும்யா” என்று சொல்லிக் கையெழுத்திட்டார். அவர் மேல் எனக்குக் கோபம் எதுவும் கிடையாது.

டயாலிசிஸ் மையத்துக்கு மட்டுமாவது சொல்லியிருக்கலாமே என்று நேற்று கேட்டீர்கள். யோசித்தேன். சொன்னால் ஏன் என்று கேட்பார்கள். ஒரு மணி நேரத்தில் பொறியாளருக்குத் தெரியும். மாலைக்குள் மயில்துத்த மூட்டைகள் படகில் இருக்கும். குடிப்பவர் நாளைக்கு இரண்டு மூன்று லிட்டர் குடிப்பார். வயிற்றுப்போக்கு வரும், போகும். டயாலிசிஸ் நாற்காலியில் உட்காருபவரின் ரத்தத்தை ஒரு தடவைக்கு நூற்றிருபது லிட்டர் நீர் உரசிப் போகிறது, நடுவில் ஒரு மெல்லிய சவ்வு மட்டும். அந்த மையத்தின் சுத்திகரிப்புத் தொட்டிகள் மாற்ற வேண்டிய நாள் எப்போதோ தாண்டிவிட்டது. மாதந்தோறும் அவர்கள் நீரைப் பரிசோதிப்பவன் நான். இதெல்லாம் எனக்குத் தெரியாது என்று சொல்லி உங்கள் நேரத்தை வீணாக்க மாட்டேன்.

என் அண்ணன் அங்கேதான் வாரம் மூன்று முறை போய்வந்தார். அண்ணி இறந்தபின் அவர் என்னோடுதான் இருந்தார். பக்கத்து நகரத்தில் எங்கள் அக்கா இருக்கிறாள். அங்கும் ஒரு மையம் உண்டு, வேறு ஆற்று நீர். ஆனால் எந்த மையத்திலும் நாற்காலி சும்மா கிடைக்காது. ஒருவர் எழுந்தால்தான் இன்னொருவர் உட்கார முடியும். நம் ஊரிலிருந்து அந்த மையத்துக்குப் போய்க்கொண்டிருந்த ஒருவரை எனக்குத் தெரியும். தையல்காரர். என் பிளாங்க்டன் வலைகளை அவர்தான் தைத்துத் தருவார். மெல்லிய நைலான் துணியை ஓட்டை பெரிதாகாமல் தைக்க இந்த ஊரில் வேறு ஆள் இல்லை.

புதன்கிழமை காலை அவர் கடைக்குப் போனேன்.

“வாங்க சார். வலை கிழிஞ்சுதா, இல்ல உங்க பூச்சிங்க கடிச்சு வெச்சுதா?”

“வலை நல்லா இருக்கு. நீங்க எப்படி இருக்கீங்க?”

“எனக்கென்ன சார். ரெண்டு மணி நேரம் பஸ்ஸு, நாலு மணி நேரம் நாற்காலி, மறுபடி ரெண்டு மணி நேரம் பஸ்ஸு. மெஷின்ல சுத்தம் பண்ணின ரத்தத்தை கண்டக்டர் மறுபடி கொதிக்க வெச்சுடறான்.”

“நீங்க சும்மா இருங்க. சார் ஏதோ சொல்ல வந்திருக்காரு” என்றார் காஜா எடுத்துக்கொண்டிருந்த அவர் மனைவி.

சொன்னேன். “அண்ணன் கொஞ்ச நாள் அக்கா வீட்ல இருக்கணும்னு ஆசைப்படறாரு. அங்க உங்க இடம், இங்க அவரு இடம். மாத்திக்கிட்டா ரெண்டு பேருக்கும் அலைச்சல் இல்ல. ரெண்டு மையத்துலயும் நானே பேசிடறேன்.”

அந்த அம்மாள் ஊசியைத் துணியில் குத்தி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். தையல்காரர் அளவு நாடாவைக் கழுத்திலிருந்து எடுத்து மேசையில் வைத்தார். “எத்தனை நாளைக்கு சார்?” என்றார்.

“ஒரு மாசம்.”

“ஒரு மாசம் போதும் சார். பொண்ணு கல்யாணத் துணியெல்லாம் அதுக்குள்ள தைச்சு முடிச்சுருவேன்” என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். வலைக்குக் கூலி வேண்டாம் என்றும் சொன்னார். நான் கொடுத்துவிட்டுத்தான் வந்தேன்.

அண்ணனுக்குப் போக விருப்பம் இல்லை. “என்னடா, என்னைத் துரத்தறியா?” என்றார். “அக்கா கூப்பிடறாண்ணே” என்றேன். அக்கா கூப்பிடவில்லை, அவளிடம் அதற்குப் பிறகுதான் பேசினேன்.

அடுத்து நடந்தவற்றில் பாதி உங்கள் கோப்பில் இருக்கிறது. நான் நீர் எடுத்த திங்களிலிருந்து ஒன்பதாம் நாள் மையத்தில் நான்கு பேருக்கு வாந்தியும் தலைவலியும். இரண்டு பேர் கண் மங்குகிறது என்றார்கள். கெட்டுப்போன உணவு என்று மருத்துவர் நினைத்தார். நான் தினமும் காலையில் படகில் போனேன். வாரம் ஒருமுறை எடுப்பது இந்த நிகழ்வுக்குப் போதாது. பதினாறாம் நாள் கட்டிகளின் உறை தளர்ந்தது. பதினெட்டாம் நாள் தெள்ளுகளின் குடலில் நீலப்பச்சை நிறத்தை என் கண்ணால் பார்த்தேன். அதே நாட்களில்தான் செல்கள் உடைந்து நஞ்சு முழுக்க நீரில் இறங்கியது. அது கணிப்பில் இருந்ததுதான். தையல்காரர் இருபதாம் நாள் இறந்தார். இருபத்தாறாம் நாள் நீர் தெளிந்தது. என் கணிப்பில் ஒரு நாள் பிழை.

மையத்தில் இறந்தவர்கள் மொத்தம் பதினோரு பேர். பெயர்ப் பட்டியலை நீங்கள் காட்டினீர்கள், படித்தேன். மயில்துத்தம் போட்டிருந்தாலும் செல்கள் உடைந்துதான் இருக்கும். எச்சரிக்கை போயிருக்கும் என்பது வேறு விஷயம்.

தையல்காரரின் மனைவி அக்கா வீட்டு முகவரியைத் தேடிப் போய், இனி அந்த நாற்காலியை அண்ணனே வைத்துக்கொள்ளலாம் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார். நல்ல மனுஷி. நீரில்தான் ஏதோ கோளாறு என்று ஊரில் பேசிக்கொள்வதையும் சொல்லியிருக்கிறார். அன்று சாயங்காலம் அண்ணன் போன் செய்தார்.

“டேய், தெரிஞ்சுதான் என்னை அனுப்பினியா?”

“உங்க நல்லதுக்குத்தாண்ணே.”

“அப்ப அந்த ஆளை ஏண்டா அங்க உக்கார வெச்ச?”

இடம் மாற்றாமல் இடம் கிடைக்காது என்று விளக்கினேன். நான் பேசி முடிக்கும்வரை அவர் இணைப்பில் இருந்தாரா என்று தெரியவில்லை.

மறுநாள் அவர் டயாலிசிஸுக்குப் போகவில்லை. அடுத்த முறையும் போகவில்லை. அக்கா அழுது பார்த்தாள், மருத்துவரை வீட்டுக்கே கூட்டி வந்தாள். டயாலிசிஸை நிறுத்திய ஒன்பதாம் நாள் காலையில் இறந்தார். நான் போனபோது அக்கா என்னை உள்ளே விடவில்லை.

என் வாக்குமூலம் என்று நீங்கள் எழுதிய வரைவில் இறந்தவர்கள் பன்னிரண்டு என்று இருக்கிறது. அதைப் பதினொன்று என்று திருத்திவிட்டுத் தாருங்கள், கையெழுத்துப் போடுகிறேன். என் அண்ணன் ரத்தத்தில் நஞ்சு இல்லை.